சந்தவாசல் ஏரிகளும் சக்கரப் பிராணிகளும்

வேலூரிலிருந்து போளூர் நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில், ஜவ்வாது மலைத்தொடரின் கிழக்குச் சாரல் நெல்வயல்களை வந்து தொடுகிற இடத்தருகே அமைந்துள்ள சந்தவாசலை, படவேட்டு ரேணுகாம்பாளைத் தரிசிக்கப் போகிறவர்கள் திரும்பும் ஊராகவே நம்மில் பெரும்பாலோர் அறிவோம். அந்த ஊரையும் அதன் சுற்றுப்புறத்துக் கிராமங்களையும் வாழவைப்பவை மலையிலிருந்து இறங்கும் ஓடைகளும், அவற்றின் நீரைத் தேக்கிவைக்கும் ஏரிகளுமே என்பதை அப்பகுதி உழவர் எவரைக் கேட்டாலும் சொல்வார். ஐப்பசி கார்த்திகையில் நிறைந்து, நல்ல ஆண்டுகளில் கோடி போய், மாசிக்குப் பின் சுருங்கி, வைகாசிக்குள் வெடித்த களிமண் பரப்பாகி ஆடுமாடுகளுக்கு மேய்ச்சல் நிலமாகிவிடும் இந்த ஏரிகளை, எத்தனை அடி தண்ணீர் நிற்கிறது, எத்தனை காணி பாயும் என்ற இரண்டு கேள்விகளாலேயே நாம் காலங்காலமாக அளந்து வந்திருக்கிறோம். அந்தத் தண்ணீரில் வாழ்வன எவை என்று யாரேனும் கேட்டால், கெண்டை, கெளுத்தி, விரால் என்று மீன்களைச் சொல்வோம், கொக்கு, நாரை, நீர்க்காகம் என்று பறவைகளைச் சொல்வோம், அதோடு நிறுத்திக்கொள்வோம். அந்த மீன்களின் குஞ்சுகள் கண் திறந்தவுடன் எதைத் தின்று பிழைக்கின்றன, நீரைப் பச்சையாக்கும் நுண்பாசிகளை இராப்பகலாக வடித்துத் தின்று கட்டுக்குள் வைப்பது யார் என்ற கேள்விகளுக்கு விடையாக நிற்கிற, வெறுங்கண்ணுக்குப் புலப்படாத ஒரு பெரிய ஜீவ சமூகத்தைப் பற்றி நாம் நினைப்பதே இல்லை.

ரோட்டிஃபர் என்று விஞ்ஞானிகள் அழைக்கும் சக்கரப் பிராணிகளைத்தான் சொல்கிறேன். இவற்றில் பெரும்பாலானவை ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு முதல் பாதி வரையே நீளமுள்ளவை. ஒரே உயிரணுவால் ஆன அமீபாவைவிடச் சிறியனவாகக்கூடச் சில இனங்கள் இருக்கும். ஆயினும் இவை ஒற்றை உயிரணு ஜந்துக்கள் அல்ல என்பதே முதற்கண் மனத்தில் கொள்ளவேண்டிய ஆச்சரியம். அந்த அற்ப உடலுக்குள் சுமார் ஆயிரம் உயிரணுக்கள் ஒழுங்குபட அமைந்து, மூளை, நரம்பு, தசை, வாய், தாடை, இரைப்பை, குடல், கழிவை வெளியேற்றும் நாளங்கள், சூலகம் என்று ஒரு முழு விலங்குக்குரிய அங்கங்கள் அனைத்தையும் அமைத்திருக்கின்றன. அதிலும், முட்டையிலிருந்து வெளிவரும்போது எத்தனை உட்கருக்களோடு ஒரு சக்கரப் பிராணி பிறக்கிறதோ, ஏறக்குறைய அத்தனையோடுதான் அது வளர்ந்து முதிர்ந்து மடிகிறது. அதன் வளர்ச்சி உயிரணுக்கள் பெருகுவதால் நிகழ்வதன்று, உள்ளவை பெரிதாவதால் நிகழ்வது. தலையின் முன்புறத்தில் வட்டமாகச் சூழ்ந்திருக்கும் நுண்ணிய குறுமயிர்கள் ஒன்றன்பின் ஒன்றாக அலையலையாய் அசைகிறபொழுது, இரண்டு சக்கரங்கள் இடைவிடாது சுழல்வது போன்ற தோற்றம் உண்டாகிறது. உண்மையில் அங்கே சுழல்வது எதுவும் இல்லை. அந்த அசைவு எழுப்பும் நீரோட்டமே பிராணியை முன்னே செலுத்துவதும், பாசித் துகள்களை அதன் வாய்க்குள் கொண்டு சேர்ப்பதும் ஆகும்.

ஹாலந்து தேசத்து டெல்ஃப்ட் நகரில், தாமே கடைந்தெடுத்த கண்ணாடி வில்லைகளைக் கொண்டு கண்ணுக்குத் தெரியாத உலகத்தை முதன்முதலில் விரிவாகக் கண்ட லூவன்ஹுக், 1702ஆம் ஆண்டில் எழுதிய ஒரு கடிதத்தில், தம் வீட்டுக் கூரையின் தூம்பில் படிந்து காய்ந்து கிடந்த தூசியில் தண்ணீர் ஊற்றியதும் இத்தகைய பிராணிகள் விரிந்து எழுந்து நீந்தியதை வர்ணித்திருக்கிறார். உலர்ந்து சுருங்கி மூச்சற்றுக் கிடந்தது மீண்டும் உயிர்த்ததா, அல்லது அது இறக்கவே இல்லையா என்ற வினா அன்று முதல் ஐரோப்பிய அறிஞர்களை ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் அலைக்கழித்தது. இத்தாலிய அறிஞர் ஸ்பல்லன்சானி 1776இல் வெளியிட்ட நூலில் இதைப் பரிசோதனைகளால் ஆராய்ந்தார். பாரிஸ் நகரில் இது பெரும் வாதப்பொருளாகி, மூளை ஆராய்ச்சியால் புகழ்பெற்ற பால் ப்ரோக்காவின் தலைமையில் ஒரு குழு அமைக்கப்பட்டு, அதன் அறிக்கை 1860இல் வெளியாயிற்று. ஜீவன் என்பது இடையறாத இயக்கமா, இயக்கம் முற்றிலும் நின்றபின்னும் அமைப்புக் குலையாதிருந்தால் ஜீவன் தங்குமா என்ற தத்துவ விசாரணை, கூரைத் தூசியில் கிடந்த ஒரு புழுவை முன்னிட்டு நடந்தது என்பதை எண்ணும்போது, பெரிய உண்மைகளுக்குப் பெரிய பொருள்களே வாயிலாக இருக்கவேண்டும் என்ற நம் எண்ணம் எவ்வளவு ஆதாரமற்றது என்று தோன்றுகிறது.

உலகெங்கும் இதுவரை விவரிக்கப்பட்டுள்ள சக்கரப் பிராணி இனங்கள் சுமார் 2,000. இவற்றை மூன்று பெரும் பிரிவுகளாக வகுத்திருக்கிறார்கள். கடலில் ஒருவகை ஓட்டுடலிகளின் மேல் ஒட்டி வாழும் சீசோனிடியா என்ற பிரிவில் ஒரு சில இனங்களே உண்டு. இரண்டு சூலகங்களைக் கொண்டு, அட்டைகள் நகரும் முறையிலேயே முன்னும் பின்னும் பற்றிப் பற்றி ஊரும் டெல்லாய்டுகளில் சுமார் 460 இனங்கள். எஞ்சியவையெல்லாம் ஒற்றைச் சூலகமுள்ள மோனோகோனோன்டா என்ற பிரிவைச் சேர்ந்தவை. நம் ஏரிகளில் மிதந்து திரிகிற பிராக்கியோனஸ், கெரட்டெல்லா, ஃபிலினியா, ஹெக்ஸார்த்ரா, நீர்ச்செடிகளின் இடுக்கில் வாழும் லெக்கானே, டிரைக்கோசெர்கா ஆகியவை இப்பிரிவின் பேரினங்கள். மீன், பறவை முதலியவற்றின் குடலில் ஒட்டுண்ணியாக வாழும் முள்தலைப் புழுக்கள், வெளித்தோற்றத்தில் இவற்றோடு எவ்வித ஒற்றுமையும் இல்லாதவை. ஆயினும் மரபணு ஆராய்ச்சி வளர்ந்த பின்னர் அவையும் இந்த வமிசத்தின் ஒரு கிளையே என்று 1990களிலிருந்து நிறுவப்பட்டு வருகிறது.

ஆனால் பிரிவுகளின் பெயர்களை ஒப்பிப்பதனால் வகைப்பாட்டியலின் கடினமும் அழகும் விளங்கிவிடா. ஓர் இனத்தை மற்றோர் இனத்திலிருந்து பிரித்தறிய இந்தச் சாஸ்திரத்தில் தேர்ந்தவர்கள் பார்ப்பது முக்கியமாகத் தாடையை. சக்கரப் பிராணியின் தொண்டையில் தசையாலான ஓர் அரைவை உறுப்பு உண்டு. அதனுள் ஏழு முதன்மையான துண்டுகளால் ஆன கெட்டியான தாடைகள் ஓயாமல் இயங்குகின்றன. பிராக்கியோனஸ் போன்றவற்றில் அவை பாசியை நசுக்கி அரைக்கும் சம்மட்டி வடிவில் இருக்கும். ஆஸ்பிளாங்க்னா என்ற வேட்டைப் பிராணியில் வெளியே நீண்டு இரையைக் கவ்வும் இடுக்கி வடிவில் இருக்கும். டிரைக்கோசெர்காவில் பாசி இழையைத் துளைத்து உள்ளிருக்கும் சாற்றை உறிஞ்சுவதற்கேற்ப ஒருபுறம் நீண்டு சமச்சீரின்றி அமைந்திருக்கும். ஓர் இனத்தை ஐயமறத் தீர்மானிக்க வேண்டுமானால், கண்ணாடிச் சில்லின் மேல் அந்த ஒரே பிராணியை வைத்து, துணி வெளுக்கும் குளோரின் கரைசலில் ஒரு துளி விட்டு, சதை முழுவதும் கரைந்து தாடை மட்டும் மிஞ்சும்படி செய்து, மில்லிமீட்டரில் சில நூற்றுக்கூறுகளே அளவுள்ள அந்தத் தாடையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து வரையவேண்டும். பொறுமையும் கைப்பழக்கமும் கூர்ந்த பார்வையும் ஆண்டுக்கணக்கில் சேர்ந்தாலன்றி இந்த வித்தை கைகூடாது; புத்தகம் படித்து ஒரே பருவத்தில் தேர்வெழுதித் தேறும் விஷயம் அல்ல இது.

தோற்றத்தை மட்டும் நம்பினால் எப்படி ஏமாறுவோம் என்பதற்கு பிராக்கியோனஸ் காலிசிஃபுளோரஸ் என்ற மிகச் சாதாரணமான இனமே சாட்சி. இதன் ஓட்டில் சில காலங்களில் பின்புற முட்கள் நீண்டு காணப்படும். சில காலங்களில் அவை இல்லாமலே இருக்கும். ஒரே குளத்தில் வெவ்வேறு மாதங்களில் எடுத்தவற்றுக்கு வெவ்வேறு பெயர் சூட்டிய காலமும் உண்டு. பிரான்ஸ் நாட்டு விலங்கியலார் டி போஷாம்ப் 1952இல் இதன் இரகசியத்தை வெளிப்படுத்தினார்: அதை வேட்டையாடும் ஆஸ்பிளாங்க்னா வாழும் நீரில் கலந்துள்ள ஏதோ ஒரு பொருளை உணர்ந்துகொண்டு, தாய்ப்பிராணி தன் சந்ததிக்கு நீண்ட முட்களை அளிக்கிறது, முள் நீண்ட குஞ்சை ஆஸ்பிளாங்க்னாவால் எளிதில் விழுங்க முடிவதில்லை. பகைவனின் வாசனையைத் தாய் அறிந்து, பிறக்கப்போகும் மகளுக்கு ஆயுதம் தரித்து அனுப்புகிற இந்த நுட்பம், கண்ணுக்கே தெரியாத ஓர் உயிரினிடத்தில் நிகழ்கிறது! மறுபுறம், ஒரே இனமென்று நெடுங்காலம் எண்ணப்பட்ட உவர்நீர் பிராக்கியோனஸ் பிளிக்காட்டிலிஸ், மரபணுக்களை ஒப்பிட்டுப் பார்த்தபோது பதினைந்து இனங்களுக்குக் குறையாத ஒரு கூட்டமாக இருப்பது அண்மை ஆண்டுகளில் தெரியவந்தது. ஒன்றைப் பலவாகக் கொண்டதும் பிழை. பலவற்றை ஒன்றாகக் கொண்டதும் பிழை. இரண்டையும் களைவதே வகைப்பாட்டு அறிஞனின் தொழில்.

இனி மோனோகோனோன்டாப் பிரிவைச் சேர்ந்த பிராணிகளின் இனப்பெருக்கத்தைச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். ஏனெனில் நம் ஏரிகளைப் பற்றி நான் சொல்ல வந்ததெல்லாம் அதிலேதான் அடங்கியிருக்கிறது. மழைக்காலத்தில் ஏரி நிரம்பியதும், அடிமண்ணில் உறங்கிய முட்டைகளிலிருந்து பெண் பிராணிகள் வெளிவருகின்றன. ஆணின் துணையின்றியே அவை முட்டையிடுகின்றன. அம்முட்டைகள் ஒருநாள் பொழுதில் பொரித்து, மறுபடியும் பெண்களே பிறக்கின்றன. அவையும் ஓரிரு நாளில் தாயாகின்றன. ஆயுள் ஒரு வாரமோ பத்து நாளோதான் என்றாலும், இந்த வேகத்தில் ஒரு லிட்டர் நீரில் நூற்றுக்கணக்காகவும் ஆயிரக்கணக்காகவும் அவை பெருகிவிடுகின்றன. கூட்டம் நெருங்க நெருங்க, அவை நீரில் வெளியிடும் ஓர் இரசாயனப் பொருள் செறிவடைந்து, அதுவே ஒரு சமிக்ஞையாகிறது. அப்போது வேறு வகையான பெண்கள் பிறக்கின்றன. அவற்றின் முட்டை கருவுறாவிட்டால் அதிலிருந்து ஆண் பிறக்கும். அந்த ஆணுக்குப் பெரும்பாலான இனங்களில் செயற்படும் குடலே கிடையாது. உண்ணாமல், உறங்காமல், பெண்ணைத் தேடி விரைந்து நீந்துவதற்கென்றே பிறந்து ஓரிரு நாளில் மடிகிறது. முட்டை கருவுற்றாலோ, அது தடித்த ஓடுடைய உறக்க முட்டையாகி அடியில் இறங்கிப் படிகிறது. வெயிலும் வறட்சியும் அதை அழிப்பதில்லை. பல பத்தாண்டுகள் வண்டலில் புதைந்து கிடந்த உறக்க முட்டைகள் பொரித்ததை ஆராய்ச்சியாளர் கண்டிருக்கிறார்கள். ஆகவே, வைகாசி வெயிலில் வெடித்துக் கிடக்கும் ஏரித்தரையின் மேற்பரப்பு உழவன் அடுத்த பட்டத்துக்கென்று விதைநெல்லைச் சேர்த்துவைத்த குதிருக்கு ஒப்பாகும்; ஓராண்டு மழை பொய்த்து, பொரித்தவையெல்லாம் முட்டையிடுமுன் மடிந்தாலும், மறு ஆண்டுக்கும் அதற்கடுத்த ஆண்டுக்கும் விதை அங்கே மிச்சமிருக்கும்.

டெல்லாய்டுகளின் வாழ்க்கை இதனினும் விசித்திரமானது. ஜவ்வாது மலையின் பாறைகளிலும் மரப்பட்டைகளிலும் மழைக்காலத்தில் படர்ந்து கோடையில் கருகிக் கிடக்கும் பாசியைக் கிள்ளியெடுத்து நீரில் ஊறவைத்துப் பார்ப்பவருக்கு, அவை பெரும்பாலும் தரிசனம் தரும். முட்டையாக மட்டுமன்றி, முழுப் பிராணியாகவே உலர்ந்து சுருண்டு உறங்கும் சக்தி இவற்றுக்கு உண்டு. இந்த நானூற்றறுபது இனங்களில் எதிலும் இன்றுவரை ஓர் ஆணைக் கண்டவர் இல்லை. கோடிக்கணக்கான ஆண்டுகளாகப் பெண்களாலேயே இந்த வமிசம் நடந்து வருகிறது என்ற கருத்துக்கு, ஹார்வர்டு பல்கலைக்கழகத்து மெசல்சனும் மார்க் வெல்ச்சும் 2000ஆம் ஆண்டில் மரபணுச் சான்றுகளை வெளியிட்டனர். பாக்டீரியா, பூஞ்சை, தாவரம் முதலிய அந்நிய உயிர்களின் மரபணுக்கள் இவற்றின் உடலில் குடியேறியிருப்பதை 2008இல் மற்றோர் ஆய்வு காட்டியது. உலரும்போது மரபிழைகள் துண்டுபடுவதும், நனையும்போது அவை மீண்டும் பொருத்தப்படுவதும் இதற்கு இடமளித்திருக்கலாம் என்று கருதுகிறார்கள். சைபீரியாவின் உறைமண்ணில் சுமார் 24,000 ஆண்டுகள் உறைந்து கிடந்த அடினெட்டா என்ற டெல்லாய்டு உயிர்த்தெழுந்து சந்ததி பெருக்கியதை ருஷ்ய விஞ்ஞானிகள் 2021இல் அறிவித்தபோது உலகப் பத்திரிகைகள் எல்லாம் அதைக் கொண்டாடின. அதே வமிசத்தின் உறவினர்கள் நம் மலைப்பாறைகளில் ஆண்டுதோறும் உலர்ந்தும் உயிர்த்தும் வாழ்வதை நாம் ஏறிட்டும் பார்ப்பதில்லை.

இந்தியாவில் இந்த ஆராய்ச்சி புதிதன்று. கல்கத்தாவில் ஆண்டர்சன் என்பவர் இந்தியச் சக்கரப் பிராணிகளைப் பற்றிய குறிப்புகளை வங்காள ஆசியக் கழகத்தின் சஞ்சிகையில் 1889இலேயே வெளியிட்டார். சென்னையில் எஸ்.வி. கணபதி, நிரந்தரமாக நீலப்பச்சைப்பாசி படர்ந்திருந்த ஒரு கோயில் தெப்பக்குளத்தின் உயிரியலை ஆராய்ந்து 1940இல் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழக இதழில் எழுதினார். பி.கே. சர்மாவும் ஆர்.ஜி. மைக்கேலும் அதுவரை இந்தியாவில் நடந்த வகைப்பாட்டுப் பணிகளை 1980இல் ஒருங்கே தொகுத்தனர். பின்னர் சர்மா தம்பதியர் வடகிழக்கு மாநிலங்களின் சதுப்புகளில் பல பத்தாண்டுகள் உழைத்து எத்தனையோ இனங்களை அறிமுகப்படுத்தினர். இன்று இந்தியாவிலிருந்து 400க்கும் மேற்பட்ட இனங்கள் பதிவாகியிருக்கின்றன. இந்தப் பட்டியல் நாட்டின் நீர்நிலைகளைச் சீராகப் பிரதிபலிக்கிறது என்று எண்ணவேண்டாம். அறிஞர் ஒருவர் வாழ்ந்து உழைத்த பிரதேசம் செழித்துக் காணப்படுகிறது, அத்தகையவர் வாய்க்காத பிரதேசம் வறண்டு தோன்றுகிறது. அறிவின் வறுமையை இயற்கையின் வறுமை என்று பிழையாகக் கொள்ளும் அபாயம் இதில் உண்டு.

சாதாரண மனிதனுக்கு இதனால் என்ன பிரயோஜனம் என்று கேட்பவர்களை நான் குறைசொல்லமாட்டேன். அது நியாயமான கேள்வி. சென்னையிலுள்ள மத்திய உவர்நீர் மீன்வளர்ப்பு ஆராய்ச்சி நிலையம் 1997இல் கொடுவா மீனைப் பொரிப்பகத்தில் இனப்பெருக்கம் செய்வித்து வெற்றி கண்டதை மீன் வளர்ப்போர் அறிவர். அத்தகைய பொரிப்பகங்களில், பிறந்து இரண்டு மூன்று நாளே ஆன, வாய் மிகச் சிறுத்த மீன்குஞ்சுகளுக்கு முதல் உணவாக அளிக்கப்படுவது சக்கரப் பிராணிகளே. விலாங்கு வளர்க்கும் குளங்களில் நீரைக் கெடுக்கும் பீடையென்று ஜப்பானியர் எண்ணியிருந்த பிராக்கியோனஸை, மீன்குஞ்சுகளுக்கு உணவாக்கலாம் என்று 1960இல் இட்டோ என்ற அறிஞர் எடுத்துக்காட்டிய பின்னரே, கடல்மீன் வளர்ப்பு அங்கே பெருந்தொழிலாக மலர வழி பிறந்தது.

அதைவிட நம் ஏரிகளுக்கு நெருங்கிய பயன் ஒன்று உண்டு. நீரில் கழிவும் உரமும் மிகுந்து பாசி கொழுக்கும்போது, அங்கு வாழும் சக்கரப் பிராணிகளின் இனங்கள் மாறுகின்றன. செக் நாட்டு அறிஞர் ஸ்லாடெச்செக் 1983இல் ஓர் எளிய அளவுகோலை வகுத்தார்: ஒரு நீர்நிலையில் பிராக்கியோனஸ் பேரினத்தைச் சேர்ந்த இனங்கள் எத்தனை, டிரைக்கோசெர்கா பேரினத்தைச் சேர்ந்தவை எத்தனை என்று எண்ணி, முன்னதைப் பின்னதால் வகுக்கவேண்டும், ஈவு ஒன்றுக்குக் குறைந்தால் நீர் தெளிந்தது, இரண்டை மிஞ்சினால் ஊட்டம் மிகுந்து கெடத் தொடங்கியது. கேட்பதற்கு எவ்வளவு எளிது! ஆனால் இந்த அளவுகோலை அப்படியே எடுத்துவந்து சந்தவாசல் ஏரியில் நட்டால் அது நம்மைத் தவறாக வழிநடத்தும் என்பது என் கருத்து. உஷ்ண மண்டலத்து நீர்நிலைகளில் பிராக்கியோனஸ் இனங்கள் இயல்பாகவே மிகுதி. குளிர் தேசங்களில் அவை குறைவு, அங்கே கெரட்டெல்லா முதலியவை ஓங்கியிருக்கும். இலங்கையின் குளங்களையும் பிற வெப்பமண்டல நீர்நிலைகளையும் ஒப்பிட்டு சி.எச். பெர்னாண்டோ 1980இல் எழுதிய கட்டுரை போன்றவை, வெப்பமண்டல நுண்பிராணிச் சமூகத்தின் சேர்மானமே தனிப்பட்டது என்பதை எடுத்துக்காட்டியுள்ளன. எனவே, ஐரோப்பிய ஏரிகளை வைத்து வகுத்த எண், மாசற்ற நம் மலையடிவார ஏரியையும் கெட்டதென்று சொல்லக்கூடும். நம் ஏரிகளுக்குரிய அளவுகோலை நம் ஏரிகளிலிருந்தே வகுக்கவேண்டும்; அதற்கு, முதலில் அவற்றில் உள்ளவை எவை என்று பெயர்சொல்லத் தெரிந்தவர்கள் இங்கே வேண்டும். அந்த மனிதர்களை உண்டாக்காமல், இயந்திரங்களை மட்டும் விலைக்கு வாங்கி ஆய்வகங்களை நிரப்புவது வீண் செலவு.

இப்போது தூர் வாரும் விஷயத்துக்கு வருகிறேன். தமிழகத்தில் 39,000க்கும் அதிகமான ஏரிகள் உள்ளன. அவற்றைச் செப்பனிட 2017ஆம் ஆண்டில் குடிமராமத்துத் திட்டம் புத்துயிர் பெற்றது. ஏரி வண்டலை உழவர்கள் கட்டணமின்றி எடுத்துச் செல்லவும் அரசு அனுமதித்தது. இவை நல்ல காரியங்கள். வண்டல் எடுக்கப்படாத ஏரி மேடாகும், கொள்ளளவு குறையும், வயலும் நல்ல எரு இழக்கும். ஆகையால் தூர் வாரக்கூடாது என்று வாதிப்பது என் நோக்கமன்று. ஆனால், முற்காலத்தில் குடியானவர்கள் மாட்டுவண்டி கட்டிக்கொண்டுபோய், தத்தமக்கு வேண்டிய அளவு, அங்கொரு பள்ளமும் இங்கொரு பள்ளமுமாக ஆண்டுதோறும் மண் எடுத்ததற்கும், இன்று ஜேசிபி இயந்திரங்கள் வரிசையாக இறங்கிச் சில நாள்களில் ஏரியின் நீர்ப்பிடிப்பரப்பு முழுவதையும் ஒருசேரச் சுரண்டி லாரிகளில் ஏற்றுவதற்கும் உள்ள வேறுபாட்டைச் சிந்திக்கவேண்டும். உறக்க முட்டைகளில் பொரிக்கும் திறன் உள்ளவை மேல்மண்ணின் சில அங்குலத்துக்குள்ளேயே பெரும்பாலும் அடங்கியிருக்கின்றன; ஆழம் செல்லச்செல்ல அவை முதுமையுற்றுக் குறைகின்றன. எனவே மேல்மண் முழுவதும் ஒரே கோடையில் அகற்றப்பட்டால், ஏரியின் ஜீவ சேமிப்பில் பெரும்பகுதி அதனோடு போய்விடும்.

காற்றிலும், வாத்து, கொக்கு முதலியவற்றின் காலிலும் ஒட்டிக்கொண்டு முட்டைகள் வேற்று நீர்நிலைகளிலிருந்து வந்து சேராவோ என்று கேட்கலாம். வரும், எங்கும் காணப்படும் சாமானிய இனங்கள் விரைவில் திரும்பிவிடும். இவை உலகெங்கும் பரவிய பிராணிகள், ஓரிடத்துக்கே உரியவை என்று எதுவும் இல்லை என்ற எண்ணம், 1909இல் ரூசெலெட் இவற்றின் பூகோளப் பரவலைப் பற்றி எழுதிய காலத்தில் வலுத்திருந்தது. பிற்கால ஆராய்ச்சி அதை அப்படியே ஒப்பவில்லை; ஆஸ்திரேலியாவுக்கும் தென் அமெரிக்காவுக்கும் தென்கிழக்காசியாவுக்கும் மட்டுமே உரிய இனங்கள் உண்டென்று தெரிந்திருக்கிறது. மேலும் ஒரே இனத்துக்குள்ளும், மூன்று நான்கு மாதமே நீர் நிற்கும் ஏரியில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்து, அது வற்றுமுன் முட்டையிட்டு முடிக்கப் பழகிய உள்ளூர்ச் சந்ததிக்கும், வற்றாத நீரிலிருந்து வந்த வழிப்போக்கனுக்கும் வேற்றுமை உண்டு. முன்னதை இழந்தபின் பின்னதைக் கொண்டு ஈடுசெய்துவிட்டதாக எண்ணுவது, கணக்குத் தெரியாதவன் செய்யும் கணக்கு.

செய்யவேண்டியது கடினமான காரியமன்று. 2002ஆம் ஆண்டின் உயிரியல் பன்மைச் சட்டத்தின்படி ஒவ்வோர் உள்ளாட்சி அமைப்பிலும் ஒரு மேலாண்மைக் குழு இருக்கவேண்டும். அக்குழு, அப்பகுதியின் உயிர்வளத்தை மக்கள் பல்லுயிர்ப் பதிவேடு என்ற ஏட்டில் எழுதிவைக்கவேண்டும். மரம், மூலிகை, பயிர், மீன், பறவை ஆகியவற்றை எழுதுவதற்கே அந்த ஏடு என்ற எண்ணத்தை விட்டு, ஏரிநீரின் நுண்பிராணிகளுக்கும் அதில் ஓர் அத்தியாயம் ஒதுக்கவேண்டும் என்பதே என் முதல் கோரிக்கை. இந்த வேலையை யார் செய்வது? திருவள்ளுவர் பல்கலைக்கழகத்தோடு இணைந்த கல்லூரிகளில் விலங்கியல் படிக்கும் இளைஞர்கள் நூற்றுக்கணக்கில் இருக்கிறார்கள். பட்டப்படிப்பின் இறுதியில் அவர்கள் சமர்ப்பிக்கும் ஆய்வேடுகளில் பல, வேறெங்கோ செய்ததை மறுபடி செய்பவை. அவர்களுள் ஒருவருக்கு ஓர் ஏரி என்று ஒப்படைத்து, மாதம் ஒருமுறை நுண்வலையில் வடித்து, ஃபார்மலினில் இட்டு, இனம் பிரித்து, படம் வரைந்து, மாதிரிகளைச் சென்னையிலுள்ள இந்திய விலங்கியல் அளவீட்டுத் துறையின் தென்மண்டல நிலையத்தில் சேர்க்கச் செய்தால், பத்தாண்டில் வட ஆர்க்காட்டுப் பிரதேசம் முழுமைக்கும் ஒரு நம்பகமான நூல் உருவாகும்.

பள்ளிக்கூட ஆசிரியர்களும் இதில் பின்வாங்க வேண்டியதில்லை. ஹட்சனும் காஸும் சேர்ந்து 1886இல் வெளியிட்ட நூல் இன்றளவும் இந்தச் சாஸ்திரத்தின் அஸ்திவாரமாக மதிக்கப்படுகிறது. அந்த ஹட்சன் ஒரு பள்ளி ஆசிரியர். இங்கிலாந்தில் பிரிஸ்டலுக்கு அருகே தம் ஊர்க் குட்டையொன்றில், ஆறு புயங்களை வீசித் துள்ளித் துள்ளிப் பாயும் ஒரு பிராணியை அவர் 1871இல் கண்டெடுத்தார்; ஹெக்ஸார்த்ரா என்று இன்று வழங்கும் அதன் பேரினம் நம் ஏரிகளிலும் வாழ்கிறது. ஜவ்வாது மலையின் மறுபுறத்துக் காவலூரில் 1986இல் நிறுவப்பட்ட 2.34 மீட்டர் தொலைநோக்கி ஆசியாவின் பெருமைகளில் ஒன்றாக விளங்கியது; 1988இல் அங்கே கண்டுபிடித்த சிறுகோளுக்கு இராமானுஜன் பெயரைச் சூட்டி மகிழ்ந்தோம். வானத்தின் கடைக்கோடியைப் பார்க்க அந்த மலையில் பெரும் பொருள் செலவிட்ட தேசம், அதே மலையின் அடிவாரத்து உயர்நிலைப் பள்ளிகளுக்கு ஆளுக்கொரு நல்ல நுண்ணோக்கியையும், அதை உபயோகிக்கத் தெரிந்த ஓர் ஆசிரியரையும் அளிக்க இயலாதென்று நான் நம்பவில்லை.

இரண்டாவது கோரிக்கை வருவாய்த் துறைக்கு உரியது. வண்டல் எடுக்க வழங்கும் அனுமதியில் இரண்டு நிபந்தனைகளைச் சேர்க்கவேண்டும். ஏரிப்பரப்பில் மூன்றில் ஒரு பங்கையேனும், குறிப்பாக மதகையொட்டித் தண்ணீர் கடைசிவரை தங்கும் பள்ளத்தின் ஒரு புறத்தை, அந்த ஆண்டு தொடாமல் விட்டு, அடுத்தடுத்த ஆண்டுகளில் முறைவைத்து எடுக்கட்டும், இது முதலாவது. இயந்திரம் இறங்குமுன், ஏரியின் நான்கைந்து இடங்களில் மேல்மண்ணைப் படி அளவுக்கு எடுத்து, நிழலில் உலர்த்தி, இடமும் தேதியும் எழுதி, அருகிலுள்ள கல்லூரியில் சேர்ப்பிக்கட்டும்; இது இரண்டாவது. உறக்க முட்டைகள் உலர்ந்த மண்ணில் கெடாமல் நிற்கும் ஆதலால், அறிஞர் ஒருவர் அதை ஆண்டு கழித்து எடுத்து நீரிட்டாலும் பெரும்பகுதி பயன்தரும். அனுமதிகள் கோடையில்தான் வழங்கப்படுகின்றன. மண் காய்ந்து, நிலம் நடக்கத் தக்கதாக இருக்கும் பங்குனி சித்திரையிலேயே இந்த மாதிரிகளை எடுத்து முடிக்க, ஊராட்சித் தலைவரும் கிராம நிர்வாக அலுவலரும் ஒரு கல்லூரி மாணவருமாக மூவர் இருந்தால் போதும். ஓர் ஏரிக்கு ஒரு முற்பகல் நேர வேலை.